தங்கப்பனை வென்ற நாயக நடிகர்: அன்செல்மோ துவார்த்தே பற்றிக் கேள்வி பதில்

நடிகராக இருந்து இயக்குநரான பிரேசில்காரர் அன்செல்மோ துவார்த்தே (1920–2009) பற்றி நண்பர்கள் அனுப்பிய கேள்விகளும் என் பதில்களும் இவை. ஒரே விஷயத்தைக் கேட்டவற்றைச் சேர்த்துவிட்டேன். அவருடைய முக்கியமான படத்தின் முடிவும் இதில் வருகிறது. முடிவு தெரியாமல் பார்க்க விரும்புகிறவர்கள் படத்தைப் பார்த்துவிட்டு வந்து படிக்கலாம்.

கேள்வி: பிரான்சின் கான் திரைப்பட விழாவில் 2025-ல் பிரேசில் படம் ஒன்றுக்குச் சிறந்த இயக்குநர், சிறந்த நடிகர் என இரண்டு விருதுகள் கிடைத்தன. அந்த விழாவின் உச்சப் பரிசான தங்கப்பனையை பிரேசில் எப்போதாவது வாங்கியிருக்கிறதா?

வாங்கியிருக்கிறது, ஒரே ஒரு முறை. 1962-ல் 'ஓ பகதோர் தி ப்ரொமெஸாஸ்' என்ற படத்துக்கு. தமிழில் 'நேர்த்திக்கடன் தீர்ப்பவன்' என்று சொல்லலாம். இயக்கியவர் அன்செல்மோ துவார்த்தே. அதற்கு முன் அவர் முழுநீளப் படம் ஒன்றுதான் இயக்கியிருந்தார். நாட்டு மக்களுக்கு அவர் பாட்டும் கூத்தும் நிறைந்த படங்களின் அழகான கதாநாயகன், அவ்வளவுதான். அப்படிப்பட்டவர் போய் உலகத்தின் பெரிய பரிசை வாங்கி வந்ததை பிரேசிலின் அறிவுஜீவி வட்டம் கடைசிவரை மன்னிக்கவில்லை. என்னைப் பொறுத்தவரை அந்தக் கதாநாயகன் இல்லாமல் அந்தப் படமே இல்லை. கீழே பல கேள்விகளுக்கு நான் சுற்றிச் சுற்றி இதைத்தான் சொல்லப்போகிறேன்.

கேள்வி: சினிமாவுக்கு எப்படி வந்தார்? வசதியான குடும்பமா?

இல்லை. சாவோ பாவ்லோ மாநிலத்தின் உள்பகுதியில் உள்ள சால்ட்டோ என்ற சிற்றூரில் 1920 ஏப்ரல் 21 அன்று பிறந்தார். அது பேசாப் பட காலம். ஊர்க் கொட்டகையில் அவருடைய அண்ணன் படம் ஓட்டுபவர், தம்பிக்கு திரைத் துணியை நனைக்கும் வேலை. திரைக்குப் பின்னாலிருந்து படம் காட்டும்போது துணி ஈரமாக இருந்தால் வெளிச்சம் நன்றாக ஊடுருவும். காய்ந்துவிட்டால் படம் மங்கும், உடனே கூட்டம் சத்தம் போடும். சினிமாவில் அவர் பார்த்த முதல் வேலை இதுதான்.

பிறகு நகரத்துக்குப் போனார். 1942-ல் அமெரிக்க இயக்குநர் ஆர்சன் வெல்ஸ் ரியோவில் கார்னிவல் என்ற தெருத் திருவிழாவைப் படம்பிடித்தார் அல்லவா, கடைசியில் முடிக்கப்படாமலே போன அந்தப் படத்தில் கூட்டத்தில் ஒருவராக நின்றார். 1947-ல் 'கெரீதா சுசானா' மூலம் திரையில் பெயர் வந்தது.

கேள்வி: அவர் நடித்த 'ஷாஞ்சாதா' வகைப் படங்கள் என்றால் என்ன? மட்டமானவை என்று படித்தேன்.

அப்படி எழுதியவர்கள் நிறையப் பேர். ஷாஞ்சாதா என்பது பாட்டு, நகைச்சுவை, ஆள்மாறாட்டம், கொஞ்சம் துப்பறிதல், கடைசியில் பெரிய கார்னிவல் ஆட்டம் என்று கலந்துகட்டிய படம். ரியோவில் 1941-ல் தொடங்கிய அட்லாண்டிடா நிறுவனம்தான் இதில் கொடிகட்டிப் பறந்தது. அந்த ஆண்டுக் கார்னிவலுக்கு வரப்போகும் பாட்டுகளைப் படத்தில் வைத்து முன்கூட்டியே பரப்புவார்கள். செலவு குறைவு, அரங்கம் நிறையும்.

1949-ல் வாட்சன் மாசெதோ இயக்கிய 'கார்னவால் நோ ஃபோகோ' இதில் ஒரு மைல்கல். ரோமியோ ஜூலியட் மாடிக் காட்சியை நகைச்சுவை நடிகர்கள் ஒஸ்காரித்தோவும் க்ராந்தே ஒத்தேலோவும் கிண்டல் செய்து நடித்தது இந்தப் படத்தில்தான். ஒத்தேலோதான் ஜூலியட்! இன்றும் பிரேசிலில் யாரைக் கேட்டாலும் அந்தக் காட்சியைச் சொல்வார்கள். அன்செல்மோ இதில் நாயகன் என்பது எல்லோருக்கும் தெரியும். கதையில் அவர் கை இருந்தது பலருக்குத் தெரியாது. நாயகன், நாயகி, வில்லன், இரண்டு கோமாளிகள் என்ற அந்த அமைப்பு பின்னால் வந்த பல படங்களுக்கு அச்சாக ஆனது. ஐம்பது பேர் நிற்கும் இடத்தில் யார் எப்போது உள்ளே வர வேண்டும், சிரிப்பு எங்கே முடிந்து பாட்டு எங்கே தொடங்க வேண்டும் என்பதையெல்லாம் அவர் கற்றுக்கொண்ட இடம் இது. மட்டம் என்று தள்ளிவிட எனக்கு மனசு வராது.

கேள்வி: வேரா க்ரூஸ் நிறுவனத்திலும் இருந்தாராமே?

ஆமாம். 1949-ல் சாவோ பாவ்லோ பக்கத்தில் பெரிய தொழிலதிபர்கள் பணம் போட்டுத் தொடங்கிய ஸ்டுடியோ அது. ஹாலிவுட் தரத்தில் எடுப்போம் என்று ஐரோப்பாவிலிருந்து தொழில்நுட்பக்காரர்களை இறக்கினார்கள். சில ஆண்டுகளிலேயே கடனில் மூழ்கியது. அன்செல்மோ அங்கே 'டிக்கோ டிக்கோ நோ ஃபுபா' (1952) படத்தில் இசையமைப்பாளர் ஸெக்கின்யா தி அப்ரேயுவாக நடித்தார், அடிமை ஒழிப்புக் காலத்துக் கதையான 'சின்யா மோசா'விலும் (1953) நாயகன். நடிப்பு சுமார்தான், ஆனால் முகம் திரையில் நிற்கும்.

வேரா க்ரூஸ் விட்டுச்சென்ற பெரிய சொத்து அங்கே உருவான கலைஞர்கள். ஒளிப்பதிவாளர் சிக் ஃபவுல் ஓர் ஆங்கிலேயர். 1936-ன் புகழ்பெற்ற பிரிட்டிஷ் ஆவணப்படமான 'நைட் மெயில்' படத்தின் ஒளிப்பதிவாளர்களில் ஒருவர். வேரா க்ரூஸுக்காக வந்தவர் பிரேசிலிலேயே தங்கிவிட்டார். பின்னால் அன்செல்மோவின் படத்துக்குக் கேமரா பிடித்தது அவர்தான்.

கேள்வி: முதலில் இயக்கிய படம் எது? பார்க்கத் தகுந்ததா?

'அப்சொலுதாமெந்தே செர்த்தோ' (1957). கட்டாயம் பாருங்கள். தொலைபேசிப் புத்தகம் அச்சடிக்கும் இடத்தில் எழுத்து கோக்கும் ஒருவன், அந்தப் புத்தகம் முழுவதையும் மனப்பாடம் செய்துவிடுகிறான். தொலைக்காட்சி வினாடி வினாவில் கலந்துகொள்கிறான். சூதாட்டக் கும்பல் குறுக்கே வருகிறது. நாயகனும் அன்செல்மோதான்.

தொலைக்காட்சி பிரேசிலுக்கு வந்தது 1950-ல். ஏழே ஆண்டுகளில் அது ஏழைகளின் கனவை எப்படி விற்கிறது என்று ஒரு வணிகப் படத்துக்குள் காட்டிவிட்டார். வேடிக்கையாகத்தான் போகும், ஆனால் ஒரு சாதாரண மனிதனைச் சுற்றி நகரம் எப்படிக் கூடிக் கும்மியடிக்கிறது என்பதைக் கவனித்துப் பாருங்கள். ஐந்து ஆண்டு கழித்து 'நேர்த்திக்கடன் தீர்ப்பவன்' படத்தில் இதே விஷயம் வேறு முகத்தோடு திரும்பி வரும். அங்கே தொலைக்காட்சிக்குப் பதில் பத்திரிகை.

கேள்வி: சரி, அந்தப் படத்தின் கதை என்ன? ஒரு கழுதைக்காகவா இவ்வளவும்?

கழுதைக்காகத்தான்! பாஹியா மாநிலத்தின் உள்நாட்டு விவசாயி ஒருவன், ஊரார் வைத்த பெயர் 'கழுதைக்கார ஸே'. அவனுடைய கழுதை நிக்கோலாவுக்கு அடிபட்டுச் சாகக் கிடக்கிறது. மருந்து, மந்திரம் எதுவும் பலிக்கவில்லை. காந்தோம்ப்ளே வழிபாட்டு இடத்துக்குப் போய் யான்சான் தெய்வத்திடம் வேண்டிக்கொள்கிறான். ஆப்பிரிக்காவிலிருந்து அடிமைகளாக வந்தவர்களின் வழிபாடு அது. இடி மின்னலுக்கு உரிய யான்சானும் கத்தோலிக்கப் புனித பார்பராவும் அங்கத்திய மக்களுக்கு ஒருவரே. கழுதை பிழைத்தால் கிறிஸ்து சுமந்த அளவு கனமான சிலுவையைச் சுமந்துகொண்டு சால்வடார் நகரத்திலுள்ள பார்பரா ஆலயத்துக்குள் போய் வைப்பேன், என் நிலத்தையும் ஏழைகளுக்குப் பங்கிட்டுக் கொடுப்பேன் என்கிறான்.

கழுதை பிழைக்கிறது. நிலத்தைக் கொடுத்துவிட்டு, ஏழு லீக் தூரம், அதாவது 40 கிலோமீட்டருக்கு மேல், சிலுவையோடு நடந்து வருகிறான். மனைவி ரோஸா பின்னாலேயே வருகிறாள். விடிவதற்குள் ஆலயப் படிக்கட்டுக்கு வந்துவிட்டான். வேண்டுதல் எங்கே நடந்தது என்று பாதிரியார் கேட்கிறார். உண்மையைச் சொல்லிவிடுகிறான். கதவு மூடுகிறது.

அதற்குப் பிறகு படம் முழுக்க அந்த மூடிய கதவின் முன்னால்தான். பத்திரிகைக்காரன் வந்து இவனை நிலச் சீர்திருத்தப் புரட்சிக்காரன் ஆக்குகிறான். எதிர்க் கடைக்காரருக்கு வியாபாரம் சூடுபிடிக்கிறது. 'அழகன்' என்று பெயர் வாங்கிய தரகன் ஒருவன் ரோஸாவை மயக்குகிறான். மேலிடத்துப் பாதிரியார் வந்து, வேண்டுதலைக் கைவிடு, நான் விடுவிக்கிறேன் என்கிறார். வாக்கு கொடுத்தது பார்பராவுக்கு, விடுவிக்க வேண்டியதும் அவள்தான் என்று ஸே மறுக்கிறான். போலீஸ் வருகிறது, கைகலப்பில் அவன் சுடப்பட்டுச் சாகிறான். கப்பொய்ரா என்ற தற்காப்பு ஆட்டம் ஆடும் கறுப்பின இளைஞர்கள் அவன் உடலை அந்தச் சிலுவை மேலேயே கிடத்தித் தூக்கிக்கொண்டு போய் ஆலயக் கதவை இடித்துத் திறந்து உள்ளே போகிறார்கள்.

கேள்வி: நான் நாடகம் போடுபவன். மூலம் நாடகம் என்று கேள்விப்பட்டேன். ஒரே இடத்தில் நடக்கும் நாடகத்தை எப்படிப் படமாக்கினார்?

மிக நல்ல கேள்வி. தியாஸ் கோமெஸ் எழுதிய நாடகம், 1960-ல் சாவோ பாவ்லோவில் மேடையேறியது. அதில் ஸேயாக நடித்த லெயோனார்தோ வில்லாரையே அன்செல்மோ படத்துக்கும் எடுத்துக்கொண்டார். வில்லாருக்கு அது முதல் படம். ரோஸாவாக வரும் க்ளோரியா மெனேஸிஸுக்கும் அதுவே முதல் படம்.

நாடகம் ஆலயச் சதுக்கத்தில்தான் தொடங்கும். அன்செல்மோ அதற்கு முன்னால் காந்தோம்ப்ளே சடங்கையும், சிலுவை சுமந்து வரும் நடையையும் சேர்த்தார். பார்வையாளர் அவனோடு நடந்து களைத்த பிறகுதான் கதவு மூடுகிறது. அந்தக் களைப்பு இல்லையென்றால் அவனுடைய பிடிவாதம் நமக்கு வெறும் முரட்டுத்தனமாகத் தெரிந்திருக்கும்.

அப்புறம் படிக்கட்டு. சால்வடாரின் பழைய பகுதியில் பாஸ்ஸோ ஆலயத்துக்கு ஏறும் நீண்ட கல் படிக்கட்டில் படமெடுத்தார்கள். இதைத் தேர்ந்தெடுத்ததில்தான் முழு இயக்கமும் இருக்கிறது என்பேன். மேலே கதவு, கீழே தெரு, நடுவில் இவன். பாதிரியார் எப்போதும் மேலிருந்து பேசுவார். பத்திரிகைக்காரனும் போலீசும் கீழிருந்து ஏறி வருவார்கள். யாருக்கு எவ்வளவு அதிகாரம் என்பதை வசனமே இல்லாமல் படியின் உயரம் சொல்லிவிடும். சிக் ஃபவுலின் கேமரா கீழிருந்து பார்க்கும்போது ஸே சிலுவைக்கடியில் சின்னதாகிறான், மேலிருந்து பார்க்கும்போது கூட்டத்தில் கரைகிறான்.

திருவிழாக் கூட்டத்தைக் கவனியுங்கள். பார்பராவின் நாளான டிசம்பர் 4 அன்று ஊர்வலம், பெரிம்பாவ் என்ற ஒற்றைக் கம்பி வாத்தியத்தின் இசை, கப்பொய்ரா வட்டம், வெள்ளையுடை உடுத்திய பெண்கள், பாட்டுக் கட்டி விற்பவன் என்று எத்தனை பேர்! ஒருவர்கூட சும்மா நிற்பதில்லை, ஒவ்வொருவரின் அசைவும் கதையைத் தள்ளுகிறது. இதை அவர் எங்கே கற்றார்? அட்லாண்டிடாவின் கார்னிவல் ஆட்டங்களில்தான். கடைக்காரரின் வியாபார புத்தியும் பத்திரிகைக்காரனின் பரபரப்பும் சிரிப்பு மூட்டி மூட்டியே கடைசியில் ஒரு மனிதனைக் கொல்லும் இடத்துக்குப் போகின்றன. அந்தச் சிரிப்பை அளந்து வைக்கும் கை ஒரு நகைச்சுவைப் பட நடிகனுடைய கை.

குறை இல்லாமல் இல்லை. ரோஸாவும் 'அழகனும்' வரும் பகுதி பழைய மிகைநாடகமாக இழுக்கிறது. சில இடங்களில் இசை தேவைக்கு மேல் பொங்குகிறது.

கேள்வி: ஐயா, இது கிறித்தவ மதத்துக்கு எதிரான படமா? நான் கத்தோலிக்கன், பார்க்கத் தயங்குகிறேன்.

தயங்காமல் பாருங்கள். படத்திலேயே மிகப் பெரிய விசுவாசி ஸேதான். அவன் ஆலயத்தை எதிர்க்கவில்லை, உள்ளே போகத்தான் துடிக்கிறான். பாதிரியாரையும் வில்லனாக்கவில்லை, தன் வழிபாட்டைக் காப்பதாக அவரும் மனதார நம்புகிறார். இரண்டு பேரும் வளையாததால் வரும் துயரம் இது. அடிமைகளின் தெய்வத்தைப் பேய் என்று சொல்லும் அதிகாரம் யாருக்கு என்ற கேள்வியைப் படம் கேட்கத்தான் செய்கிறது, அதை நான் மறைக்க மாட்டேன்.

கேள்வி: 1962 கான் போட்டியில் அந்தோனியோனி, புனுவெல் போன்ற பெரிய இயக்குநர்கள் எல்லாம் இருந்தார்களே. இது தகுதியான வெற்றிதானா?

போட்டிப் பட்டியலைப் பார்த்தால் தலை சுற்றும். அந்தோனியோனியின் 'எக்லிப்ஸ்', புனுவெலின் 'எக்ஸ்டெர்மினேட்டிங் ஏஞ்சல்', ப்ரெஸ்ஸோனின் ஜோன் ஆஃப் ஆர்க் படம், ஆக்னஸ் வர்தாவின் 'க்ளியோ', நம் சத்யஜித் ராயின் 'தேவி' எல்லாமே அந்த ஆண்டுதான். நடுவர் குழுவில் பிரெஞ்சு இயக்குநர் ஃபிரான்சுவா த்ரூஃபோவும் இருந்தார். அந்தோனியோனியும் ப்ரெஸ்ஸோனும் நடுவர் சிறப்புப் பரிசைப் பகிர்ந்துகொண்டார்கள்.

சினிமா மொழியைப் புதிதாக்கியது எது என்று கேட்டால் 'எக்லிப்ஸ்' என்பேன், தயக்கமே இல்லை. ஆனால் அதனால் இது தகுதியற்றது ஆகிவிடாது. 'தேவி'யையும் இதையும் அடுத்தடுத்து வைத்துப் பாருங்கள். அங்கே ஒரு பெண்ணைத் தெய்வம் என்று நம்பியே அழிக்கிறார்கள், இங்கே ஒருவனின் நம்பிக்கையை ஏற்க மறுத்தே அழிக்கிறார்கள். ராய் வீட்டுக்குள் நடத்தியதை அன்செல்மோ தெருவில் நடத்தினார். ஒரே ஆண்டில் இரண்டும் ஒரே அரங்கில் ஓடியதை நினைத்தால் எனக்கு இப்போதும் வியப்பாக இருக்கிறது.

படம் ஆஸ்கரின் அயல்மொழிப் படப் பரிந்துரைப் பட்டியலுக்கும் போனது. பிரேசிலிலிருந்து அந்தப் பட்டியலில் இடம்பிடித்த முதல் படம் அது. விருது பிரெஞ்சுப் படத்துக்குப் போனது.

கேள்வி: அப்படியானால் சொந்த ஊரில் ஏன் ஒதுக்கினார்கள்? பொறாமையா?

பொறாமை கொஞ்சம் இருந்திருக்கும். அதைவிட, காலம். மே மாதம் தங்கப்பனை, ஜூனில் சிலியில் கால்பந்து உலகக்கோப்பை என்று 1962-ல் நாடே கொண்டாட்டத்தில் இருந்தது. அதே நேரத்தில்தான் சினிமா நோவோ, அதாவது 'புதிய சினிமா' இயக்கம் எழுந்துகொண்டிருந்தது. க்ளாபர் ரோஷா, நெல்சன் பெரேரா தோஸ் சாந்தோஸ் போன்றவர்கள் பளபளப்பான ஸ்டுடியோ முறையை உதறிவிட்டு, கேமராவைக் கையில் எடுத்துக்கொண்டு வறண்ட வடகிழக்குக்குப் போனார்கள். அவர்கள் கண்ணுக்கு அன்செல்மோ எதிர்முகாமின் ஆள். ஷாஞ்சாதா நாயகன், வேரா க்ரூஸ் ஒளிப்பதிவாளர், வணிகத் தயாரிப்பாளர் ஓஸ்வால்தோ மஸ்ஸாயினி. இலக்கணம் தவறாமல் எடுத்த பழைய பாணிப் படம், வெளிநாட்டானுக்குக் காட்டும் கவர்ச்சி என்றார்கள்.

அவர்கள் எடுத்த படங்கள் மகத்தானவை, அதில் எனக்கு மறுபேச்சு இல்லை. ஆனால் இன்னொன்றையும் பாருங்கள். ரோஷாவின் 1964 படமான 'கறுப்புக் கடவுள் வெள்ளைச் சாத்தான்' படத்தின் இரண்டு முக்கிய நடிகர்கள் ஜெரால்தோ தெல் ரேயும் ஓத்தோன் பாஸ்தோஸும். முதலாமவர் அன்செல்மோவின் 'அழகன்', இரண்டாமவர் அவருடைய பத்திரிகைக்காரன். சினிமா நோவோவின் முகமாகவே ஆன அந்தோனியோ பித்தாங்காவும் அந்தப் படிக்கட்டில் கப்பொய்ரா ஆடியவர்தான். நிலம், பசி, நம்பிக்கை, போலீஸ் என்று இரு தரப்பும் பேசிய விஷயமும் ஒன்று. கோட்டைக் கிழித்து இந்தப் பக்கம் நீ, அந்தப் பக்கம் நாங்கள் என்று சொன்னதில் பிரேசில் சினிமா இழந்தது நிறைய என்று நான் நம்புகிறேன்.

அன்செல்மோவும் இதை அமைதியாக விழுங்கவில்லை. கடைசிக்காலம் வரை பேட்டிகளில் கசப்போடு பேசினார். பேசியதில் சில அவருக்கே கெடுதலாகவும் முடிந்தன.

கேள்வி: 1964 ராணுவப் புரட்சிக்குப் பிறகு என்ன செய்தார்?

'வெரேதா தா சல்வசாவ்' எடுத்தார், 1965-ல் பெர்லின் போட்டிக்குப் போனது. மினாஸ் ஜெராய்ஸ் மாநிலத்தில் 1955-ல் உண்மையாக நடந்த சம்பவத்தை வைத்து ஜோர்ஜே அந்திராதே எழுதிய நாடகம் இதன் மூலம். நிலமில்லாக் கூலிகள் மதவெறி போன்ற ஒரு பரவசத்தில் சிக்கி, கடைசியில் போலீஸ் துப்பாக்கிக்குப் பலியாகிறார்கள். முந்தைய படத்தில் இருந்த சிரிப்பும் திருவிழாவும் இதில் இல்லை. இருட்டு, சேறு, ஓலம், மூச்சு முட்டும் நீளமான காட்சிகள். தன்னைப் பழைய பாணி என்றவர்களுக்குப் பதில் சொல்லவே எடுத்தது போல எனக்குத் தோன்றும். பரிசும் வரவில்லை, கூட்டமும் வரவில்லை. எனக்குப் பிடித்த படம். ராவுல் கோர்த்தெஸ் நடிப்புக்காகவாவது பாருங்கள்.

கேள்வி: நடிகராக அவருடைய சிறந்த படம்?

சந்தேகமில்லாமல் 'ஓ காசோ தோஸ் இர்மாவ்ஸ் நாவிஸ்' ('நாவிஸ் சகோதரர்கள் வழக்கு', 1967). இயக்கம் லூயிஸ் செர்ஜியோ பெர்சோன். 1937-ல் அரகுவாரி என்ற ஊரில் இரண்டு சகோதரர்கள் ஒருவரைக் கொன்றதாகப் பிடிபட்டு, சித்திரவதையில் குற்றத்தை ஒப்புக்கொண்டார்கள். 1952-ல் அந்த 'கொல்லப்பட்டவர்' உயிரோடு வந்து நின்றார். உண்மைக் கதை. சித்திரவதை செய்யும் லெஃப்டினன்டாக அன்செல்மோ வருகிறார். கடமையைச் செய்கிற நிம்மதியோடு கொடுமை செய்யும் ஆள். இருபது வருடமாக ரசிகர்கள் காதலித்த அந்த அழகிய முகத்தை வைத்தே அவர் பயமுறுத்துகிறார். நாட்டில் ராணுவ ஆட்சி நடக்கும்போது, பழைய சர்வாதிகாரக் காலத்துச் சித்திரவதையைத் திரையில் காட்டிய படம் இது. அதில் இந்த வேடத்தை ஏற்க நெஞ்சுரம் வேண்டும்.

கேள்வி: பெலே நடித்த படத்தை இயக்கினாராமே?

ஆமாம், 'ஓஸ் த்ரொம்பாஜின்யாஸ்' (1979). சாவோ பாவ்லோ தெருக்களில் பிக்பாக்கெட் அடிக்கும் சிறுவர்களைப் பற்றியது. நல்ல எண்ணம், பலவீனமான படம். அவர் இயக்கிய கடைசி முழுநீளப் படமும் அதுதான். இடையில் 'கெலே தோ பஜெயு' (1969), எரிக்கோ வெரீசிமோவின் நாவலிலிருந்து 'உம் செர்த்தோ கப்பித்தாவ் ரொத்ரீகோ' (1971), லீமா துவார்த்தே நடித்த 'ஓ க்ரீமே தோ ஸே பிகோர்னா' (1977) எல்லாம் வந்தன. இதில் கடைசியாகச் சொன்னதற்கு மட்டும் நேரம் ஒதுக்குங்கள்.

கேள்வி: எந்த வரிசையில் பார்ப்பது? எனக்கு வாரத்துக்கு ஒரு படம்தான் முடியும்.

எல்லோரும் தங்கப்பனைப் படத்திலிருந்து தொடங்கச் சொல்வார்கள். நான் 'கார்னவால் நோ ஃபோகோ'விலிருந்து தொடங்கச் சொல்வேன், நடிகனை முதலில் தெரிந்துகொள்ளுங்கள். இரண்டாவது வாரம் 'அப்சொலுதாமெந்தே செர்த்தோ'. மூன்றாவது வாரம் 'நேர்த்திக்கடன் தீர்ப்பவன்'. அதற்குப் பிறகு 'நாவிஸ் சகோதரர்கள்' படம், கடைசியில் 'வெரேதா'. 'வெரேதா'வை மட்டும் இரவில் தனியாக உட்கார்ந்து பார்க்காதீர்கள், யாராவது பக்கத்தில் இருக்கட்டும், பார்த்து முடித்ததும் பேச ஆள் தேவைப்படும்.